பெரியத்தையின் வலது கை

...இடது கைதான், சந்தேகமே இல்லை, முந்தானையை இழுத்து விடுவதும் இடது கை, காபி டம்ளரை எடுப்பதும் இடது கை, மருமகளுக்கு வாசலைக் காட்டி வெளியே போ என்பதும் இடது கை, வலது கை மட்டும் முந்தானைக்குள்ளேயே கிடக்கிறது, யாருக்கும் தரமாட்டேன் என்பது மாதிரி... கோவிந்தம்மா கைப்பேசியில் அந்தக் காட்சியை மறுபடி ஓட்டினாள், சத்தத்தை அடைத்துவிட்டு. சத்தம் இருந்தால் வசனம் காதில் விழும், வசனம் காதில் விழுந்தால் கண் உடம்பைப் பார்க்காது, இத்தனை வருஷத்தில் அவளாகக் கண்டுபிடித்துக்கொண்ட வழி இது. ஏழு மணி சீரியலில் மூன்று வருஷமாகப் பெரியத்தையாக வந்துகொண்டிருந்தவள் திலகவதி. இன்றிலிருந்து பெரியத்தை கோவிந்தம்மா. திங்கட்கிழமை எபிசோடில் திரையின் கீழ்ப்பக்கம் இரண்டு போட்டோவையும் பக்கத்தில் பக்கத்தில் போட்டு, 'இவருக்குப் பதில் இவர்' என்று மூன்று விநாடி காட்டுவார்கள், அவ்வளவுதான், அதற்குமேல் யாருக்கும் விளக்கம் கிடையாது. அசோசியேட் டைரக்டர் அன்புராஜ் பத்து எபிசோடை அனுப்பிவிட்டு, கடைசி பத்து பார்த்தாப் போதும்க்கா, அதுக்கு முன்னாடி கதையே வேற மாதிரி போய்க்கினு இருந்திச்சு என்று சொல்லியிருந்தான். பத்தையும் பார்த்தாயிற்று, ஊட்டில் சமையல்கட்டில் நின்று பார்த்து, இடது கையால் பருப்பு கடைந்து பார்த்து, புருஷன் மணவாளன் ஷிப்டு முடிந்து வந்தவன், இன்னாடி கைல அடிகிடி பட்டுச்சா என்று கேட்கிற அளவுக்கு...

வண்டி பெரியபாளையம் தாண்டியது. கோயிலுக்குப் போகிற டெம்போக்கள் வேப்பிலை கட்டிக்கொண்டு குறுக்கே வந்தன. ஓட்டுகிற பச்சையப்பன் சீரியல் கம்பெனிகளின் ஆள், அவளை மணவாள நகரில் ஏற்றி எத்தனையோ ஷூட்டிங்குகளுக்குக் கொண்டுபோய் இறக்கியவன், கண்ணாடியில் பார்த்துச் சிரித்தான். இன்னாக்கா, இந்தத் தபா எத்தினி வாரம் உசுரோட வெப்பாங்களாம்? இரண்டு பேரும் சிரித்தார்கள். யூனிட் பசங்களின் பழைய கேலி அது, கோவிந்தம்மா வந்தால் அந்தக் கேரக்டருக்கு நாள் எண்ண ஆரம்பிக்கலாம் என்பது. பொய்யும் இல்லை. ஒரு ஆர்ட்டிஸ்ட் கோபித்துக்கொண்டு போவாள், அல்லது பிரசவத்துக்குப் போவாள், கதையை உடனே மாற்ற முடியாது, அந்தப் பள்ளத்தை நிரப்ப ஆள் வேண்டும், கோவிந்தம்மாவைக் கூப்பிடு. நாலு வாரம் அண்ணியாக இருப்பாள், பிறகு அண்ணியைத் துபாய்க்கு அனுப்புவார்கள். சித்தியாக இருப்பாள், சித்தி காசிக்குப் போவாள். ஒரு தடவை வந்த இரண்டாம் நாளே படிக்கட்டில் உருட்டிவிட்டு, மூன்றாம் நாள் சுவரில் மாலையோடு தொங்கவிட்டார்கள், அதிலும் போட்டோ பழைய ஆர்ட்டிஸ்டுடையது, புதிதாகப் பிரேம் போட நேரமில்லையாம். அதற்காக அவள் வருத்தப்பட்டாளா? பட்ட மாதிரி ஞாபகம் இல்லை. அன்றைக்கு வெயில் என்பதுதான் ஞாபகம் இருக்கிறது.

ஜனங்கள் முதல் வாரம் திட்டுவார்கள். செவ்வாப்பேட்டையில் ரயிலேறிய ஒரு அம்மாள் முகத்துக்கு நேராகவே சொன்னாள், பழைய ஆளுதான் அந்த வேஷத்துக்கு லட்சணம், கோச்சிக்காதம்மா, நீயும் பரவால்ல. இரண்டாவது வாரம் திட்டு குறையும். மூன்றாவது வாரம் பழைய ஆள் யார் என்பதே மறந்துபோகும். அந்த மறதிதான் கோவிந்தம்மாவின் தொழில், மற்றவர்கள் ஞாபகம் வைத்துக்கொள்ளப்பட நடிக்கிறார்கள், அவள் இன்னொருத்தியை மறக்கடிக்க நடிக்கிறாள், அதில் அவளை மிஞ்ச ஆள் இல்லை என்று மேனேஜர்களே சொல்வார்கள். ஆனால் இந்தத் தடவை பள்ளம் நிரப்புகிற வேலை இல்லை. பெரியத்தை இல்லாமல் அந்தச் சீரியலே இல்லை. ஊட்டுச் சாவி, நகைப்பெட்டி, மருமகள்களின் கண்ணீர் எல்லாம் பெரியத்தை இடுப்பில்தான் இருக்கிறது. நின்றுவிட்டால் இன்னும் இரண்டு வருஷம், மூன்று வருஷம். மாலை போடமாட்டார்கள், காசிக்கு அனுப்பமாட்டார்கள். ஐம்பத்திரண்டு வயதில் ஒரே ஆளாக, ஒரே பெயரோடு, ஒரே சீரியலில்... அதற்கு மேனேஜர் சொன்ன கண்டிஷன் ஒன்றுதான். முதல் சீனை எடுத்துப் பார்ப்போம், மதிய சாப்பாட்டுக்குள்ள டைரக்டர் சொல்லிடுவாரு, ஒத்து வரலன்னா பூந்தமல்லியில ஒருத்தங்க ரெடியா இருக்காங்க, தப்பா நினைச்சுக்காதம்மா. இதில் தப்பாக நினைக்க என்ன இருக்கிறது, எத்தனையோ பேருக்குப் பூந்தமல்லியில் ரெடியாக இருந்தவள் அவள்தானே.

திலகவதியிடம் ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். கேட்கவில்லை. மேனேஜர் போனில் சொன்னபோது, அவங்களுக்கு இன்னா ஆச்சு என்று கேட்டாள், பெங்களூர்ல பொண்ணு ஊட்டோட செட்டில் ஆவுறாங்களாம், இனிமே நடிக்கலையாம், பர்சனல் என்றான். சரி, சம்மதம் என்றாள் உடனே. அந்த வேகம் அவளுக்கே ஆச்சரியம். ஏனென்றால் அவளை இந்தத் தொழிலுக்குக் கொண்டுவந்ததே திலகவதிதான், பழவேற்காட்டில் ஏரிக்கரையில் ஷூட்டிங் நடந்தபோது, மீன்காரியாக நடிக்க வந்தவள், வேடிக்கை பார்த்துக்கொண்டு நின்ற கோவிந்தம்மாவைக் கூப்பிட்டு, ஏ பொண்ணே, கூடையை இடுப்புல எப்டி வெக்கறது, செஞ்சு காட்டு என்றாள். காட்டினாள். திலகவதி பார்த்துவிட்டு டைரக்டரிடம் போய், சார், நான் மீன்காரி மாதிரி இருக்கேன், அந்தப் பொண்ணு மீன்காரியாவே இருக்குது, அதைப் பக்கத்துல நிக்க வெச்சீங்கன்னா நான் அசிங்கப்பட்டுப் போவேன், அதனால நிக்க வையுங்க, நான் கத்துக்கறேன் என்றாள். எவள் சொல்வாள் அப்படி? அன்றிலிருந்து அக்கா. யூனியன் கார்டு வாங்கிக்கொடுத்த அக்கா. ஊட்டில் சண்டை வந்தால் இவள் போன் பண்ணுகிற அக்கா...

அது அப்போது. ஆவணியில் மகள் பூமிகா கல்யாணத்துக்கு வந்தாளே, அது என்ன? திருவள்ளூர் மண்டபத்தில் ஜனம் மொத்தமும் பெரியத்தை, பெரியத்தை என்று செல்போனைத் தூக்கிக்கொண்டு ஓடியது, கோவிந்தம்மாவுக்கு அதில் பெருமைதான், மேடைக்குக் கையைப் பிடித்து அழைத்துப் போனாள். பொண்ணு குனிந்து காலைத் தொட்டது. அட்சதைத் தட்டை நீட்டினார்கள். திலகவதி அதைப் பார்த்துவிட்டு, நல்லா இருடி என்று வாயால் சொன்னதோடு சரி. ஒரு அரிசி மணி விழவில்லை. குங்குமம் வைக்கவில்லை. மொய்க் கவரை இடது கையால் நீட்டினாள், பெற்ற பொண்ணு மாதிரி பார்த்த பிள்ளைக்கு, கல்யாண மேடையில், இடது கையால். மணவாளனின் அக்கா குப்பம்மாள் எல்லார் காதிலும் விழுகிற மாதிரியே சொன்னாள், சினிமாக்காரங்க பழக்கம் போல கீது. அதையாவது மறந்திருக்கலாம். பந்தியில் உட்காராமல் போய்விட்டாள். இலை போட்டு, பக்கத்தில் உட்கார வைக்கச் சம்பந்தியம்மாளையே நிற்க வைத்திருந்தாள் கோவிந்தம்மா. இல்ல கோவிந்து, ஷூட்டிங் கீது, பேஜாரு புடிச்ச டைரக்டர் என்று வண்டியில் ஏறிவிட்டாள். அன்றைக்கு ஷூட்டிங் இல்லை என்பதைப் பிறகு அன்புராஜே சொன்னான். பெரிய ஆளாகிவிட்டாள், பெரியத்தை உடம்பில் ஏறிவிட்டாள், அவ்வளவுதான். அதற்குப் பிறகு அவளும் பேசவில்லை, இவளும் பேசவில்லை. அதனால்தான் இந்தப் பத்து எபிசோடைப் பார்க்கும்போது கோவிந்தம்மாவுக்கு எல்லாம் சட்டென்று பிடிபட்டது. வலது கையை யாருக்கும் தராத திமிர். தெரிந்த திமிர்தானே. பக்கத்தில் நின்று பார்த்த திமிர்.

கும்மிடிப்பூண்டியில் இழுத்து மூடிய ஒரு கம்பெனியின் கெஸ்ட் ஹவுஸ்தான் இப்போது பெரியத்தையின் பங்களா. வாசலில் தூணுக்கெல்லாம் புதிதாகப் பெயின்ட், பின்பக்கம் போனால் துருப்பிடித்த ஷெட். காற்று திரும்பினால் உருக்காலைப் புகை வரும், பட்டுப்புடவையில் கரும்பொடி உட்காரும், லாரி ஆரன் அடித்தால் டேக் போய்விடும். ஏஞ்சல் இவளுக்குத் தலை வாரிவிட்டுக்கொண்டே பேசினாள், எண்ணூர்க்காரி, வாய் ஓயாதவள், திலகவதிக்கு மூன்று வருஷமாகக் கொண்டை போட்டவள். உங்களுக்கு முடி இன்னும் கருப்பா கீதுக்கா, வெள்ள அடிக்கணும் என்றாள். அடி, அடி, எப்டியும் ஒரு வாரத்துல தானா வெளுத்துடும் இங்க என்றாள் கோவிந்தம்மா. கண்ணாடியில் பெரியத்தை வந்துகொண்டிருந்தாள், கொஞ்சம் கொஞ்சமாக, பெரிய பொட்டு, வைரத்தோடு மாதிரி ஒரு கல்தோடு, இறுகிய வாய். திலகவதியின் ரவிக்கைதான், தோளில் ஒரு தையல் பிரித்தார்கள். இன்னொருத்தியின் வியர்வை காய்ந்த ரவிக்கையைப் போட்டுக்கொள்வதில் அவளுக்கு என்றைக்குமே கூச்சம் இருந்ததில்லை, ஆனால் இன்றைக்கு அக்குளில் அந்த வாசனை, திலகவதி போடுகிற சந்தனப் பவுடர்... போகட்டும், மதியத்துக்குள் பாஸாக வேண்டும், வாசனையை யோசிக்க நேரமில்லை.

முதல் சீன் புது மருமகள் ஊட்டுக்குள் வருவது. அந்தப் பொண்ணு சத்யா, கோயம்புத்தூரிலிருந்து வந்தது, குனிந்து காலைத் தொட வேண்டும், தாம்பாளத்தில் குங்குமம் இருக்கும், பெரியத்தை அதைத் தொடாமல், நீயே எடுத்து வச்சுக்கோ என்று சொல்லிவிட்டு முகத்தைத் திருப்ப வேண்டும். ஆக்ஷன் என்றார் டைரக்டர் விஜயகுமார். பொண்ணு குனிந்தது. கோவிந்தம்மாவின் வலது கை தானாக எழும்பி, குங்குமத்துக்குப் போய்விட்டது. கட்! அக்கா, கை, கை! பெரியத்தை யாருக்கும் கை குடுக்க மாட்டாங்க. மானிட்டர் பக்கம் மேனேஜர் தலையைச் சொறிந்தான். போச்சா? ஒரு பொண்ணு காலில் விழுந்தால் கை எழும்பாமல் எப்படி இருக்கும், ஐம்பது வருஷப் பழக்கம்... அன்புராஜ் ஓடிவந்தான். அக்கா, மின்னாடி இந்த டயலாக் கிடையாது, திலகம்மா தானா போட்டது, நாலஞ்சு மாசமா இந்த மேனரிசம்தான் ஹிட்டே, கையைத் தூக்காம நின்னாங்கன்னா கமெண்ட்ல கிழிச்சு எடுக்கறாங்க, டிஆர்பி எகிறுது. சரிடா என்றாள். கையை எப்படி எழும்பவிடாமல் நிறுத்துவது? இறுக்கிப் பிடித்தால் கேமராவில் இறுக்கம் தெரியும். கை எழும்ப மறுப்பதாக இருக்கக்கூடாது, எழும்பவே எழும்பாததாக இருக்க வேண்டும். தண்ணீரில் ஊறிய வலையைத் தோளில் போட்டுக்கொண்டு கரையேறுவதை நினைத்தாள், அந்தப் பக்கம் தோள் இறங்கும், கழுத்து எதிர்ப்பக்கம் சாயும், திரும்ப வேண்டுமென்றால் முழு உடம்பும் திரும்பும். மேடையில் இடது கையால் வந்த கவரை நினைத்தாள். இரண்டும் சேர்ந்துகொண்டன. பொண்ணு குனிந்தது. நீயே எடுத்து வச்சுக்கோ. முழு உடம்பையும் திருப்பிக்கொண்டு போனாள். கட் சொல்ல டைரக்டர் கொஞ்ச நேரம் எடுத்துக்கொண்டார். லைட்மேன் ஒருவன் கைதட்டினான், அவன் தட்டினால் எல்லோரும் தட்டுவார்கள். அப்டியே திலகம்மா! தோள்கூட அப்டியே இறங்குதுக்கா! என்று கத்தினான் அன்புராஜ். டைரக்டர் மேனேஜரைப் பார்த்துத் தலையை அசைத்தார். பூந்தமல்லிக்குப் போன் போகாது. முடிந்தது, கிடைத்துவிட்டது... ஆனால் தோள் இறங்குது என்றானே. திமிர் பிடித்தவளுக்குத் தோள் ஏன் இறங்க வேண்டும்? நிமிர்ந்துதானே இருக்கும்?

பெரியத்தைக்கு என்று தனி அறை இருந்தது. ஏஞ்சல் சாப்பாட்டைக் கொண்டுவந்து வைத்தாள், சோறு, வஞ்சிரக் குழம்பு, பக்கத்தில் ஒரு ஸ்பூன். கோவிந்தம்மாவுக்குச் சிரிப்பு வந்தது. எனக்கு எதுக்குடி ஸ்பூனு, பழவேற்காட்டுல பொறந்தவளுக்கு? முள்ளை எடுக்க வாணாமா? ஏஞ்சல் நாக்கைக் கடித்துக்கொண்டாள். பழக்கம்க்கா, பெரியத்தை ரூமுக்குன்னா கை தானா ஸ்பூனைத் தேடுது. குழம்பு மீனைக்கூட நானே முள்ளெடுத்துப் பிசைஞ்சு வெச்சிட்டுப் போவேன். கதவைச் சாத்திக்கினு சாப்டுவாங்க. எதுக்கு? என்றாள் கோவிந்தம்மா. எனக்கு இன்னா தெரியும்க்கா என்றாள் ஏஞ்சல், ஓயாத வாய் ஓய்ந்துபோய், கீழே பார்த்துக்கொண்டு. யார்கிட்டயும் பேசாதேன்னு சத்தியம் வாங்கினாங்க. பேசாம சாப்டுக்கா, ஆறிடும். கதவைச் சாத்திக்கொண்டு போய்விட்டாள்.

கோவிந்தம்மா கைப்பேசியை எடுத்தாள், கடைசி பத்தை விட்டுவிட்டுப் பின்னால் போனாள், யாரும் பார்க்கத் தேவையில்லை என்று சொன்ன பழைய எபிசோடுகளுக்கு. போன பொங்கல் எபிசோடு. பெரியத்தை வலது கையால் பொங்கல் பானையில் அரிசி போடுகிறாள். தம்பி மகனை அறைகிறாள், வலது கை, நல்ல வீச்சு. ஒரு மருமகளுக்குக் குங்குமம் வைக்கிறாள், வைத்துவிட்டுக் கன்னத்தை வழித்து நெட்டி முறிக்கிறாள், அது எழுதிக்கொடுத்ததாக இருக்காது, அது திலகவதி. இன்னும் முன்னால் வந்தாள். சித்திரை, வைகாசி, அந்தக் கை இருக்கிறது. ஆனியில் இரண்டு வாரம் பெரியத்தையே இல்லை, கோயில் யாத்திரை என்று கதை. திரும்பி வரும்போது முந்தானைக்குள் கை. தோள் இறங்கியிருக்கிறது. சத்தத்தை அடைத்துவிட்டுப் பத்து எபிசோடு பார்த்தாள், ஒவ்வொரு அசைவாக எடுத்து உடம்பில் போட்டுக்கொண்டாள், வாயின் வலது ஓரம் கொஞ்சம் கீழே இழுத்திருப்பதைக்கூடக் கண்ணாடியில் செய்துபார்த்து, நல்லாருக்குது, வெறுப்பு என்று நினைத்தாள்... இவளுடைய மாமனாருக்கும் ஒரு பக்கம் இழுத்துக்கொண்டது. இவள்தான் ஊட்டிவிட்டாள். தெரியாத வியாதி இல்லை. ஆனி முடிந்து ஆடி, ஆடி முடிந்து ஆவணி. ஆவணியில் கல்யாணம். அட்சதைத் தட்டை நீட்டினால் எந்தக் கையால் எடுப்பாள்? இடது கையால் கவரைத் தரலாம், மனதைக் கல்லாக்கிக்கொண்டு, இடது கையால் அட்சதை போடமுடியுமா? அத்தனை செல்போனுக்கு முன்னால், இலையில் உட்கார்ந்து, எந்தக் கையால் பிசைவாள்? வராமலே இருந்திருக்கலாம். உடம்பு சரியில்லை என்று ஒரு போன் போதும். வந்தாள். எதற்கு வந்தாள்? கூட்டம் மொத்தமும் பெரியத்தையைப் பார்க்கட்டும், இவள் ஒருத்தி கையைப் பார்ப்பாள் என்றா? உடம்பைப் பார்க்கத் தெரிந்தவள் என்று இவளைத்தானே அவள் நம்பினாள், ஏரிக்கரையிலிருந்து...

நம்பரை எடுத்து வைத்துக்கொண்டாள். அக்கா என்றுதான் இருந்தது அதில். என்ன பேசுவது? உன் கை எப்படி இருக்கிறது என்பதா, உன் கையை இப்போது நான் வைத்திருக்கிறேன் என்பதா? திங்கட்கிழமை ஏழு மணிக்குப் பெங்களூரில் அவள் பார்ப்பாள், பார்க்காமல் இருக்கமாட்டாள், தனக்குப் பதில் யார் என்று. தெரியாமல் செய்கிறாள் என்று நினைப்பாளா, தெரிந்தே செய்கிறாள் என்று நினைப்பாளா? எது பரவாயில்லை? கதவைத் தட்டினான் அன்புராஜ். அக்கா ரெடியா, மேனேஜர் அக்ரிமெண்டு எடுத்துக்கினு வந்துக்கினு இருக்காரு, அதுக்குள்ள காலைல எடுத்த சீனுக்கு ஒரு க்ளோஸப் வேணுமாம் டைரக்டருக்கு, ஒரே நிமிஷம். சாப்பாடு அப்படியே இருந்தது. ஸ்பூனும்.

அதே இடம், அதே தாம்பாளம், கோயம்புத்தூர்ப் பொண்ணு குனிந்தது. வலையை நினைக்கத் தேவைப்படவில்லை, கை தானாகவே கனத்தது, தோள் போய் அதனிடத்தில் உட்கார்ந்தது. நீயே எடுத்து வச்சுக்கோ என்றாள். கட், என்றார் விஜயகுமார். மானிட்டரைப் பார்த்தார், இவளைப் பார்த்தார். எல்லாம் கரெக்டா இருக்குதுக்கா, கை, தோள் எல்லாம். ஆனா காலைல இருந்தது இல்ல. பாவமா இருக்குது. பெரியத்தையைப் பார்த்துப் பாவம்னு தோணிச்சுன்னா சீரியலை இழுத்து மூட வேண்டியதுதான், கொஞ்சம் திமிரு குடுங்க. சரி சார், என்றாள். மறுபடி எடுத்தார்கள். மறுபடி கட். மேனேஜர் கையில் பேப்பரோடு நிலைப்படியில் வந்து நின்றான். வெளியே ஒரு லாரி ஆரன் அடித்துக்கொண்டே போனது, சத்தம் அடங்கட்டும் என்று எல்லோரும் காத்திருந்தார்கள். காலையில் தன்னிடம் கல்யாண மேடைக் கோபம் இருந்தது, அதை எடுத்துப் போட்டாள், வந்தது. இப்போது அது கையில் இல்லை, அதைத் திரும்பக் கூப்பிடவும் முடியாது. திலகவதியிடம் என்ன இருந்தது? அவளுக்கு நிஜமாகவே கை எழவில்லை, பயமாகத்தான் இருந்திருக்கும், கதவைச் சாத்திக்கொண்டு ஸ்பூனால் சாப்பிட்டுவிட்டு வந்து இதே இடத்தில் நின்று, அந்தப் பயத்துக்கு மேலே தினமும் அந்தத் திமிரைப் போட்டாளே, லட்சம் பேர் பார்க்க, இவளும் பார்க்க... அதை எங்கிருந்து எடுத்தாள்? பத்து எபிசோடு பார்த்தும் அது மட்டும் கண்ணில் படவேயில்லையே.

லாரி போய்விட்டது. ஒன் மோர் போலாமாக்கா, என்றார் டைரக்டர். கோவிந்தம்மா சரி என்று தலையை ஆட்டினாள்.